‘சிம்பொனி ஆஃப் தி நைட்’ தலைப்பில் இருக்கும் இசை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

‘காசில்வேனியா: சிம்பொனி ஆஃப் தி நைட்’ என்ற வீடியோ கேம் பற்றிப் பேச்சு எடுத்தாலே யாராவது ஒருவர் கேட்டுவிடுகிறார்: “இதில் சிம்பொனி எங்கே இருக்கிறது?” ஜப்பானியப் பெயர் வேறு என்று தெரிந்தவர்கள் அடுத்த கேள்விக்குப் போய்விடுகிறார்கள்: “அப்போ எது சரியான பெயர்?” ஒவ்வொரு தடவையும் துண்டு துண்டாகப் பதில் சொல்லி வந்ததை இங்கே ஒரே இடத்தில் வைத்திருக்கிறேன். கதையின் முடிவு சில பதில்களில் வெளிப்பட்டுவிடும், இன்னும் விளையாடாதவர்கள் முதலில் விளையாடிவிட்டு வாருங்கள்.

முதலில், இது எந்த கேம்? சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

கொனாமி நிறுவனம் 1997 மார்ச்சில் ஜப்பானிலும் அதே வருஷம் அக்டோபரில் வட அமெரிக்காவிலும் பிளேஸ்டேஷனுக்காக வெளியிட்ட கேம். இயக்கியவர் தோரு ஹகிஹாரா, துணை இயக்குநராக இருந்து பிற்பாடு காசில்வேனியா கேம் தொடரையே கையில் எடுத்துக்கொண்டவர் கோஜி இகராஷி, இசை மிச்சிரு யமானே, ஓவியம் அயாமி கோஜிமா. நீங்கள் அலுகார்ட் என்ற இளைஞனாக டிராகுலாவின் கோட்டைக்குள் அலைகிறீர்கள். அவன் டிராகுலாவின் மகன், தாய் லிசா மனுஷி. ‘டிராகுலா’ என்பதை ஆங்கிலத்தில் எழுதிப் பின்னாலிருந்து வாசித்தால் ‘அலுகார்ட்’ வரும். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

ஜப்பானியத் தலைப்பு என்ன? அதன் பொருள் என்ன?

‘அகுமாஜோ டொராகியுரா எக்ஸ்: கெக்கா நோ யசோக்கியோகு’. முதல் பாதி தொடரின் பெயர், ‘பேய்க்கோட்டை டிராகுலா’ என்று வைத்துக்கொள்ளலாம். நமக்கு வேண்டியது இரண்டாவது பாதி.

‘கெக்கா’ என்றால் நிலாவுக்குக் கீழே. ‘நோ’ இரண்டையும் இணைக்கும் உருபு. ‘யசோக்கியோகு’ மூன்று எழுத்துகளால் ஆன சொல்: முதல் எழுத்து இரவு, இரண்டாவது எண்ணம் அல்லது நினைப்பு, மூன்றாவது இசைத்துண்டு. மேற்கத்திய இசை ஜப்பானுக்குள் வந்தபோது அதன் வடிவங்களுக்குச் சீன எழுத்துகளைக் கோத்துப் பெயர் வைத்தார்கள், அப்படி ‘நாக்டர்ன்’ என்ற வடிவத்துக்குக் கிடைத்த பெயர்தான் இது. ‘சிம்பொனி’க்கு அவர்களிடம் வேறு சொல் இருக்கிறது: ‘கோக்கியோக்கியோகு’. ஆக, ஜப்பானியத் தலைப்பில் சிம்பொனி என்ற சொல் கிடையவே கிடையாது. ‘நிலவின் கீழே ஒரு நாக்டர்ன்’ என்பதுதான் அதன் நேர்ப்பொருள்.

எனக்கு இதில் ரொம்பப் பிடித்தது நடுவில் இருக்கும் அந்த ‘நினைப்பு’. ‘நாக்டர்ன்’ என்ற ஐரோப்பியச் சொல்லில் அது இல்லை. ‘இரவைச் சேர்ந்தது’ என்பதோடு அது நின்றுவிடுகிறது. ஜப்பானியர்கள் பெயர் வைக்கும்போதே அந்த வடிவத்தின் குணத்தையும் உள்ளே வைத்துவிட்டார்கள்: ராத்திரியில் தனியாக உட்கார்ந்து எதையோ நினைத்துக்கொண்டிருக்கும் இசை.

நாக்டர்ன் என்றால் என்ன மாதிரி இசை?

ஒற்றைப் பியானோவுக்கான சிறிய துண்டு. இடது கை சுரக்கோவைகளைப் பிரித்துப் பிரித்து, தண்ணீர் அலை போல ஓடவிடும், வலது கை அதன் மேல் ஒரு மெட்டைப் பாடுவது போல நீட்டி நீட்டி வாசிக்கும். பெரும்பாலும் நிதானம், பெரும்பாலும் ஏக்கம்.

இந்த வடிவத்தை உண்டாக்கியவர் ஜான் ஃபீல்ட், 1782-ல் டப்ளினில் பிறந்த ஐரிஷ்காரர். வாழ்க்கையின் பெரும்பகுதியை ரஷ்யாவில் கழித்து 1837-ல் மாஸ்கோவில் இறந்தார். இவருடைய முதல் நாக்டர்ன்கள் 1812-ஐ ஒட்டி அச்சில் வந்தன. அதைக் கையிலெடுத்து உலகம் முழுக்கத் தெரியவைத்தவர் போலந்து இசையமைப்பாளர் ஷோபான். மொத்தம் 21 எழுதினார், அதில் 18 அவர் உயிரோடு இருக்கும்போதே வெளியாயின. ‘ஓபஸ் 9, எண் 2’ என்று தேடிக் கேளுங்கள், முதல் பத்து விநாடியிலேயே “இதுவா!” என்பீர்கள், எத்தனையோ விளம்பரங்களிலும் படங்களிலும் காதில் விழுந்த மெட்டு அது.

கதை நடப்பது 1797-ல். அப்போது நாக்டர்ன் இருந்ததா?

நல்ல கேள்வி. பியானோ நாக்டர்ன் இல்லை. 1797-ல் ஜான் ஃபீல்ட் லண்டனில் கிளெமென்டி என்ற பியானோ ஆசானிடம் கற்றுக்கொண்டிருந்த 15 வயதுப் பையன்.

ஆனால் அதற்கு முன்பே இத்தாலியச் சொல்லான ‘நொத்தூர்னோ’ புழக்கத்தில் இருந்தது. அது ராத்திரி விருந்துகளில், தோட்டங்களில், பல வாத்தியங்கள் சேர்ந்து வாசிக்கும் உல்லாச இசை. மொஸார்ட் 1776-ல் எழுதிய ‘செரெனாட்டா நொத்தூர்னா’ அந்த வகைதான், கேட்டுப் பாருங்கள், துக்கம் என்பதே அதில் இருக்காது. அலுகார்ட் கோட்டைக்குள் நுழைந்த அந்த வருஷத்தில் ஒரு பிரபுவிடம் போய் ‘நொத்தூர்னோ’ என்று சொல்லியிருந்தால் அவருக்கு மெழுகுவர்த்தியும் நடனமும்தான் ஞாபகம் வந்திருக்கும்.

இதைக் குறையாக நான் பார்க்கவில்லை. தலைப்பு நம்மைப் பார்த்துச் சொல்லப்படுவது, கதையில் இருப்பவர்களைப் பார்த்து அல்ல. நமக்கு நாக்டர்ன் என்றால் ஷோபான் காலத்து நினைவுதான், ஜப்பானியச் சொல்லும் அந்த நினைவைத்தான் சுமக்கிறது.

சரி, கதைக்கும் அந்தப் பெயருக்கும் என்ன சம்பந்தம்?

இங்கேதான் விஷயமே இருக்கிறது, கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

இந்தத் தொடரின் முந்தைய கேம்களில் சாட்டையோடு ஒரு வீரன் கோட்டைக்குப் போவான், கட்டம் கட்டமாக முன்னேறுவான், கடைசியில் டிராகுலாவை வீழ்த்துவான். படையெடுப்பு மாதிரி. இதில் அப்படி இல்லை. அலுகார்ட் வீட்டுக்குத் திரும்பி வருகிறான். முந்நூறு வருஷத்துக்கு மேல் தூங்கிக்கிடந்தவன், அப்பாவின் கோட்டை மறுபடி எழுந்துவிட்டது என்று விழித்து வருகிறான். நீங்களும் வந்த வழியே திரும்பி, பார்த்த அறைக்கே மறுபடி போய், போன தடவை எட்டாத உயரத்தைப் புதிய சக்தியோடு எட்டி, இப்படித்தான் ராத்திரி முழுக்கச் சுற்றுகிறீர்கள். பேசுவதற்கு ஆள் குறைவு. நூலகத்தில் ஒரு கிழவர், அவ்வப்போது எதிர்ப்படும் மரியா என்ற பெண், படகுக்காரர் ஒருவர், அவ்வளவுதான். மற்ற நேரமெல்லாம் அலுகார்டும் அவன் காலடியும்தான்.

சேமிப்பு அறையைக் கவனித்திருக்கிறீர்களா? விளையாட்டைச் சேமிக்கப் போனால் அலுகார்டைச் சுற்றி ஒரு சவப்பெட்டி மூடும், பிறகு திறக்கும். ஒவ்வொரு முறையும் அவன் கொஞ்ச நேரம் தூங்கி எழுகிறான். கோட்டைக்கு அடியில் ஒரு சேமிப்பு அறை மட்டும் பொய்யானது. அங்கே அந்தப் பெட்டி மூடினால் கனவு வந்துவிடும். அம்மா லிசாவைச் சூனியக்காரி என்று பட்டம் கட்டிக் கொல்லும் காட்சியில் அவன் நிற்கிறான், அம்மாவின் கடைசி வார்த்தை என்று அவள் வாயிலிருந்து வருவது மனிதர்களை வெறுக்கச் சொல்கிறது. அதைக் கேட்டதும் அலுகார்டுக்குத் தெரிந்துவிடுகிறது இது அம்மா இல்லை என்று. சக்குபஸ் என்ற பெண்பேய் அம்மா வேஷத்தில் வந்திருக்கிறது. கடைசியில் டிராகுலா தோற்றுச் சாகும் நேரத்தில் லிசா உண்மையில் என்ன சொல்லிவிட்டுப் போனாள் என்று கேட்கிறான். மகன் சொல்கிறான்: மனிதர்களை வெறுக்காதே, அவர்களோடு வாழ முடியாவிட்டாலும் கெடுதல் மட்டும் செய்யாதே. இந்த ஒரு வாக்கியத்தைத்தான் மகன் அந்தக் கோட்டை முழுக்கச் சுமந்துகொண்டு நடந்திருக்கிறான் என்று நமக்கு அப்போதுதான் புரிகிறது.

இரவு, நினைப்பு, இசைத்துண்டு. அந்த மூன்று எழுத்துகளையும் இதோடு வைத்துப் பாருங்கள். தனியாக ஒருவன், ஒரு ராத்திரி, மனசுக்குள் ஓடும் ஒரே நினைவு. இதற்கு நாக்டர்னை விடப் பொருத்தமான இசை வடிவம் எனக்குத் தோன்றவில்லை.

அப்படியானால் ‘சிம்பொனி’ என்று ஆங்கிலத்தில் வைத்தது தப்பா?

மொழிபெயர்ப்பாகப் பார்த்தால் அது வேறு சொல், அதில் சந்தேகமில்லை. சிம்பொனி கிரேக்க வேரிலிருந்து வருவது, ‘சேர்ந்து ஒலிப்பது’ என்று பொருள். பெரிய வாத்தியக் குழு, பொதுவாக நான்கு பாகங்கள். நாக்டர்ன் ஒருவர் உள்ளறையில் வாசிப்பது, சிம்பொனி ஊரையே கூட்டிவைத்து வாசிப்பது. இதை விட எதிரெதிரான இரண்டு வடிவங்களைத் தேடிப் பிடிப்பது கஷ்டம்.

ஆனால் தலைப்பாகப் பார்த்தால் அதைத் தள்ளிவிட எனக்கு மனசு வரவில்லை. நேராக மொழிபெயர்த்து ‘நாக்டர்ன் இன் தி மூன்லைட்’ என்று வைத்தால் ஆங்கிலக் காதுக்கு ஒரே விஷயத்தை இரண்டு தடவை சொன்ன மாதிரி இருக்கும், ஏனென்றால் நாக்டர்ன் என்ற சொல்லிலேயே இரவு இருக்கிறது. அப்புறம் கடையில் டப்பாவைக் கையில் எடுக்கும் பையனுக்கு நாக்டர்ன் தெரிந்திருக்க வேண்டும் என்று எதிர்பார்க்க முடியாது, சிம்பொனி எல்லோருக்கும் தெரியும். நான் முதலில் விளையாடியதும் ஆங்கிலப் பதிப்புதான், அந்தப் பெயரின் கம்பீரம்தான் என்னை உள்ளே இழுத்தது. கோட்டையின் பிரம்மாண்டத்தை அந்தப் பெயர் சரியாகவே சொல்கிறது. சொல்லாமல் விட்டது அலுகார்டின் தனிமையை. என் மனசு எப்போதும் ஜப்பானியப் பெயர் பக்கம்தான்.

கேமுக்குள் நிஜமாகவே சிம்பொனி ஏதாவது ஒலிக்கிறதா?

முறையான நான்கு பாகச் சிம்பொனி எதுவும் இல்லை. இருப்பது ஒரு விருந்து. கோட்டை வாசலில் ‘டிராகுலாஸ் காசில்’ என்று அதிரும் ராக் இசை. நீண்ட நூலகத்துக்குள் போனால் ‘வுட் கார்விங் பார்ட்டீட்டா’, ஹார்ப்சிகார்ட் என்ற பழைய விசைப்பலகை வாத்தியத்தில், ஜெர்மன் இசையமைப்பாளர் பாஹ் காலத்து வாசனையோடு. (பார்ட்டீட்டா என்பது நடன இசைகளைக் கோத்த தொகுப்பு, பாஹ் விசைப்பலகைக்கு ஆறு எழுதியிருக்கிறார்.) ஓல்ராக்ஸ் என்ற பழைய ரத்தக்காட்டேரி குடியிருக்கும் பகுதியில் ‘டான்ஸ் ஆஃப் பேல்ஸ்’, அது வால்ட்ஸ், ஆள் இல்லாத நடன மண்டபத்தில் யாரோ சுழல்வது போல இருக்கும். தேவாலயத்தில் ‘ரெக்வியம் ஃபார் தி காட்ஸ்’, ரெக்வியம் என்பது இறந்தவர்களுக்கான பூஜை இசை. கடிகாரக் கோபுரத்தில் ‘டிராஜிக் பிரின்ஸ்’, கிட்டார் பாய்ச்சல். பின்பாதியில் ‘ஃபினாலே டொக்காட்டா’, டொக்காட்டா என்பது விரல் வேகத்தைக் காட்டும் விசைப்பலகை இசை.

இவ்வளவையும் எழுதியவர் யமானே. 1994-ல் மெகா டிரைவ் என்ற கேம் கருவிக்கு வந்த ‘பிளட்லைன்ஸ்’தான் இந்தத் தொடரில் இவர் தொட்ட முதல் கேம். பார்ட்டீட்டா, ரெக்வியம், டொக்காட்டா என்று ஒவ்வொரு வடிவத்தின் பெயரையும் அறிந்தே வைத்திருக்கிறார், அதனால்தான் தலைப்பில் இருக்கும் இசைச்சொல் வெறும் அலங்காரமாக நிற்பதில்லை.

ஒரு சின்ன விஷயம். பழைய பிளேஸ்டேஷன் தட்டைச் சாதாரண சிடி பிளேயரில் போட்டுப் பார்த்தவர்கள் உண்டு. ஆங்கிலப் பதிப்பில் இரண்டாவது தடத்தில் அலுகார்டின் குரல் வரும்: இது பிளேஸ்டேஷனின் கறுப்புத் தட்டு, முதல் தடத்தில் கணினித் தரவு இருக்கிறது, அதை ஓடவிடாதீர்கள், ஆனால் நான் சொன்னால் நீங்கள் கேட்கவா போகிறீர்கள் என்கிற மாதிரிப் பேசிவிட்டு ஒரு மெட்டு ஒலிக்கும். இசையின் பெயரை முகத்தில் தாங்கிய கேம், இசைத்தட்டாகவும் ஒரு வார்த்தை பேசிவிடுகிறது.

முடிவில் வரும் பாட்டு ஏன் கொஞ்சமும் பொருந்தாமல் இருக்கிறது?

‘ஐ ஆம் தி விண்ட்’. ரிகா முரனாகா இயற்றி சிந்தியா ஹாரெல் பாடியது. அத்தனை நேரம் கோதிக் கோட்டையில் இருந்துவிட்டுத் திடீரென்று மெல்லிய ஜாஸ் பாட்டு வந்தால் யாருக்கும் திடுக்கென்றுதான் இருக்கும். நல்ல பாட்டு, ஆனால் அந்த இடத்துக்கு அது வேண்டியதில்லை என்பது என் எண்ணம். அங்கே ஒரு பியானோ மட்டும் போதும்.

தலைகீழ்க் கோட்டைக்கும் தலைப்பின் இசைக்கும் தொடர்பு உண்டா?

பாதி கேம் முடிந்ததும், மரியா கொடுக்கும் புனிதக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முந்தைய கேமின் நாயகனான ரிக்டர் பெல்மான்ட்டோடு மோதி, அவனை ஆட்டிவைக்கும் உருண்டையை உடைத்தால் வானத்திலிருந்து அதே கோட்டை தலைகீழாக இறங்கும். கூரை தரையாகிவிடும். முழுக்கச் சுற்றினால் வரைபடம் 200.6 சதவீதம் காட்டும்.

தலைப்போடு நேரடித் தொடர்பு என்று சொல்ல மாட்டேன். ஆனால் இசை தெரிந்தவர்களுக்கு ஒரு மெட்டைத் தலைகீழாக்குவதும் பின்னாலிருந்து வாசிப்பதும் பாஹ் காலத்திலேயே பழக்கமான வித்தை: ஏறும் சுரம் இறங்கும், கடைசிச் சுரம் முதலில் வரும். அப்பாவின் பெயரைப் பின்னாலிருந்து வாசித்தால் மகன், அப்பாவின் கோட்டையைக் கவிழ்த்தால் கேமின் மறுபாதி. ஒரு இசைக்கலைஞர் யோசிக்கிற மாதிரியே இந்த கேமும் யோசித்திருக்கிறது என்று எனக்குப் படுகிறது, இது என் வாசிப்பு மட்டுமே.

முந்தைய கேமின் பெயரிலும் இசை இருக்கிறதாமே?

ஆமாம், அது இதை விட அழகு. 1993 அக்டோபரில் பிசி எஞ்சினின் சிடி-ராம் கருவிக்கு ஜப்பானில் மட்டும் வந்த ‘சி நோ ரோண்டோ’, ஆங்கிலத்தில் ‘ரோண்டோ ஆஃப் பிளட்’. ‘சி’ என்றால் ரத்தம். ரோண்டோ ஒரு இசை வடிவம், பெயரிலேயே வட்டம் இருக்கிறது: முதல் மெட்டு வரும், வேறொன்று வரும், முதல் மெட்டு திரும்பும், இன்னொன்று வரும், மறுபடி முதல் மெட்டு. எத்தனை தூரம் போனாலும் பல்லவிக்குத் திரும்பும் கீர்த்தனையைக் கேட்டுப் பழகிய நமக்கு இது புதிதாக இருக்காது.

இப்போது எழுத்தைக் கவனியுங்கள். ஜப்பானிய எழுத்தில் சீன எழுத்துக்குப் பக்கத்தில் அதை எப்படி உச்சரிக்க வேண்டும் என்று பொடி எழுத்தில் போடும் வழக்கம் உண்டு, ஃபுரிகானா என்பார்கள். எழுத்தாளர் விரும்பினால் எழுதியிருப்பது ஒரு சொல்லாகவும் உச்சரிப்பு வேறொரு சொல்லாகவும் வைக்கலாம். நம் சிலேடையில் ஒரே சொல்லுக்கு இரண்டு பொருள், இங்கே ஒரே இடத்தில் இரண்டு சொற்கள் உட்கார்ந்திருக்கும். இந்தத் தலைப்பில் வாயால் சொல்வது ‘ரோண்டோ’. கண்ணுக்குத் தெரியும் எழுத்துகளோ சக்கரம், சுழற்சி என்று பொருள்படும் இரண்டு எழுத்துகள், சேர்த்து வாசித்தால் ‘ரின்னே’. பௌத்தத்தோடு ஜப்பானுக்குப் போன சொல் அது, சமஸ்கிருதத்தின் ‘சம்சாரம்’ என்பதற்கு ஈடானது. நம் பேச்சு வழக்கில் சம்சாரம் என்றால் வீட்டுக்காரி, இங்கே அதன் மூலப்பொருள்: பிறப்பு, இறப்பு, மறுபிறப்பு என்று ஓயாத சுழற்சி.

டிராகுலா ஏறக்குறைய நூறு வருஷத்துக்கு ஒருமுறை எழுகிறான், பெல்மான்ட் குடும்பத்தின் அந்தத் தலைமுறைப் பிள்ளை அதே சாட்டையை எடுத்துக்கொண்டு போகிறான். ரத்தத்தில் ஓடும் மெட்டு, ரத்தத்தில் ஓடும் பிறவிச் சுழற்சி. காதுக்கு ஒன்று, கண்ணுக்கு ஒன்று, இரண்டும் சேர்ந்தால்தான் கதை. ஆங்கிலத்துக்குப் போனபோது காது பிழைத்துக்கொண்டது, கண் போய்விட்டது. பிறவிச் சுழற்சி என்றால் என்ன என்று யாருக்கும் விளக்க வேண்டியில்லாத நம்மிடம் அந்தத் தலைப்பின் இரண்டு பாதிகளும் முழுசாக வந்து சேர்கின்றன, அதனாலேயே எனக்கு இதைத் தமிழில் எழுத ஆசை.

‘சிம்பொனி’ தொடங்கும்போது ‘பிளட்லைன்ஸ்’ என்று திரையில் வருகிறதே, அது என்ன?

‘சிம்பொனி’யின் முதல் காட்சி ‘ரோண்டோ’வின் கடைசிச் சண்டைதான், 1792-ல் ரிக்டர் பெல்மான்ட் டிராகுலாவோடு மோதுவது. அந்த இடத்தில் முந்தைய கேமின் பெயரைக் காட்டியாக வேண்டும். அமெரிக்காவில் ‘ரோண்டோ’ வெளிவந்திருக்கவில்லை, ஆகவே ஆங்கிலப் பதிப்பில் ‘ஃபைனல் ஸ்டேஜ்: பிளட்லைன்ஸ்’ என்று போட்டார்கள். ஏற்கெனவே அதே பெயரில் வேறு கேம் (யமானேயின் 1994 கேம்) இருந்ததால் இன்று வரை இது பலரைக் குழப்புகிறது. இரண்டுக்கும் கதையில் சம்பந்தமில்லை.

தொடரில் இசைப்பெயர் கொண்ட வேறு கேம்கள் எவை?

2002-ல் கேம் பாய் அட்வான்ஸுக்கு வந்த ‘ஹார்மனி ஆஃப் டிஸ்ஸொனன்ஸ்’, அதாவது அபசுரத்தின் இசைவு. ஜப்பானில் ‘பியாகுயா நோ கொன்செர்டோ’: சூரியன் மறையாத வெள்ளை இரவின் கான்செர்டோ. கான்செர்டோ என்பது தனி வாத்தியமும் குழுவும் மாறிமாறி வாசிப்பது.

அடுத்த வருஷம் ‘ஏரியா ஆஃப் சாரோ’, சோகத்தின் ஏரியா. ஏரியா என்றால் ஆபரா என்ற இசை நாடகத்தில் ஒருவர் தனித்துப் பாடும் பாட்டு. ஜப்பானியப் பெயரில் மறுபடி அதே எழுத்து விளையாட்டு: எழுதியிருப்பது ‘வால்ட்ஸ்’ என்ற சொல், உச்சரிப்பது ‘மெனுவெட்டோ’, அதாவது மினுவெட், இரண்டுமே மூன்று தாளத்தில் அமைந்த நடனங்கள். அந்தக் கதை 2035-ல் நடக்கிறது, நாயகன் சோமா டிராகுலாவின் மறுபிறவி. பத்து வருஷம் முன்னால் ‘ரோண்டோ’வின் எழுத்துக்குள் ஒளித்து வைத்த ‘ரின்னே’ இங்கே கதையாகவே வெளியே வந்துவிட்டது!

2018-ல் ‘ரோண்டோ’வையும் ‘சிம்பொனி’யையும் ஒன்றாகச் சேர்த்து பிளேஸ்டேஷன் 4-க்கு வெளியிட்டபோது அந்தத் தொகுப்புக்கு வைத்த பெயர் ‘ரெக்வியம்’. இகராஷி கொனாமியை விட்டு வெளியே வந்து 2019-ல் கொண்டுவந்த ‘பிளட்ஸ்டெய்ன்ட்: ரிச்சுவல் ஆஃப் தி நைட்’டில் இசைச்சொல் இல்லை, ஆனால் பெயரின் ஓசை எதை ஞாபகப்படுத்துகிறது என்று எல்லோருக்கும் தெரியும்.

‘நாக்டர்ன்’ என்ற பெயர் ஆங்கிலத்தில் வரவே இல்லையா?

வந்தது, 26 வருஷம் கழித்து. 2023 செப்டம்பரில் நெட்ஃபிளிக்ஸில் வெளியான அனிமேஷன் தொடரின் பெயர் ‘காசில்வேனியா: நாக்டர்ன்’. பிரெஞ்சுப் புரட்சிக் காலம், 1792, நாயகன் ரிக்டர், முதல் பருவத்தின் கடைசியில் அலுகார்ட் வந்து இறங்குகிறான். கதை ‘சிம்பொனி’யின் கதை அல்ல. ஆனால் பெயரைப் பார்த்தபோது தொலைந்துபோன சாமான் கிடைத்த மாதிரி இருந்தது எனக்கு.

தமிழில் இந்தத் தலைப்பை எப்படிச் சொல்லலாம்?

நண்பர்கள் பலவிதமாகச் சொல்லிப் பார்த்திருக்கிறார்கள். ‘இரவின் சிம்பொனி’ என்பது ஆங்கிலத் தலைப்பின் தமிழ், அதில் குறை இல்லை. ஜப்பானியத் தலைப்பைத் தமிழாக்க வேண்டுமென்றால் ‘நிலவடியில் ஓர் இராப்பாட்டு’ என்பேன். ‘பண்’ என்று போடலாம், ஆனால் பண் என்றதும் தேவாரம் ஞாபகம் வந்துவிடும். ‘தாலாட்டு’ என்று ஒருவர் சொன்னார். நாக்டர்ன் தாலாட்டு இல்லை, அதற்கு மேற்கில் தனிப்பெயர் உண்டு, என்றாலும் அடுத்த பதிலைப் படித்தபிறகு அவர் சொன்னதை ஒரேயடியாக ஒதுக்கவும் முடியாது.

ஜப்பானியப் பதிப்பில் ‘நாக்டர்ன்’ என்றே ஒரு பாட்டு ஒளிந்திருக்கிறது என்கிறார்களே, உண்மையா?

உண்மை. ஜப்பானியப் பதிப்பில் அலுகார்டோடு கூடவே பறந்து வரும் துணை உயிர்களில் ஒரு குட்டித் தேவதை உண்டு, 1997-ன் ஆங்கிலப் பதிப்பில் அந்த உருவம் இல்லை. கோட்டையில் சில இடங்களில் நாற்காலிகள் இருக்கும், அலுகார்ட் அதில் உட்காருவான். அப்படி உட்காரவைத்துவிட்டுக் கையைப் பொத்தானிலிருந்து எடுத்துவிட வேண்டும். அடிக்க எதிரி இல்லை, ஓட வழி இல்லை, சும்மா இருக்க வேண்டும். கொஞ்ச நேரத்தில் தேவதை பறப்பதை நிறுத்தி அவன் தோளில் வந்து உட்காரும். இன்னும் காத்திருந்தால் பாடத் தொடங்கும். அந்தப் பாட்டின் பெயர்தான் ‘நாக்டர்ன்’.

வேகமாக விளையாடுகிறவர் கண்ணில் இது படவே படாது. 1997-ல் ஆங்கிலத்தில் விளையாடியவர்களுக்குத் தலைப்பும் கிடைக்கவில்லை, தலைப்பின் பாட்டும் கிடைக்கவில்லை. 2007-ல் ‘டிராகுலா எக்ஸ் கிரானிக்கிள்ஸ்’ தொகுப்பில் பிஎஸ்பி என்ற கையடக்கக் கருவிக்கு வந்த பதிப்பில்தான் அந்தப் பாட்டு ஆங்கிலம் பேசுகிறவர்களுக்கும் கிடைத்தது. உங்களிடம் அந்தப் பதிப்பு இருந்தால் தேவதையைக் கூட்டிக்கொண்டு ஒரு நாற்காலியைத் தேடிப் போங்கள், உட்காருங்கள், அவள் தோளுக்கு வரும்வரை எதையும் அழுத்தாதீர்கள்.